ஆவணம் இல்லை என்பதற்கும் ஆவணம் வேண்டும்

விடுதலைப் போராட்டத் தியாகிகளின் ஓய்வூதியக் கோப்புகளைக் கையாளும், கிராம நிர்வாக அலுவலர் முதல் தலைமைச் செயலகத்தாரும் தில்லி உள்துறை அமைச்சகத்தாரும் ஈறான அலுவலர் அனைவருக்கும்.

மதிப்பிற்குரிய அலுவலர்களே,

நாட்டு விடுதலைக்காகச் சிறை சென்றவர் ஒருவரின் மனைவியோ, திருமணமாகாத மகளோ அளித்த விண்ணப்பம் உங்கள் மேசைக்கு வரும்போது, நீங்கள் முதலில் தேடுவது சிறைச் சான்றைத்தான். அது இல்லையெனில், ‘போதிய ஆவணம் இணைக்கப்படவில்லை’ என்ற குறிப்போடு கோப்பு வந்த வழியே திரும்பிவிடுகிறது. அந்த ஆவணத்தை எழுதியவர் யார், காத்து வைக்க வேண்டியவர் யார், இழந்தவர் யார் என்ற கேள்விகளை அக்குறிப்பு எழுப்புவதே இல்லை. கைது செய்தது அரசின் காவல்துறை. தண்டனை விதித்தது அரசின் நீதிமன்றம். பெயர், தந்தை பெயர், ஊர், தண்டனைக் காலம், விடுதலை நாள் ஆகியவற்றைப் பதிவேட்டில் எழுதிக்கொண்டது அரசின் சிறை. அப்பதிவேடுகளில் ஒன்றையும் கைதி தன்னோடு வீட்டிற்கு எடுத்துச் சென்றதில்லை. அரசு எழுதி, அரசு வைத்திருந்து, அரசே தொலைத்த தாளைக் குடிமகளிடம் கேட்பது முறையா என்பதே இம்மடல் உங்கள் முன் வைக்கும் முறையீடு.

நீங்கள் விதியைச் சுட்டிக்காட்டுவீர்கள், அது நியாயமே. விடுதலையின் வெள்ளிவிழாவான 1972 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கப்பட்டு, 1980 ஆகஸ்டு முதல் ‘சுவதந்திரதா சைனிக் சம்மான்’ என்ற பெயருடன் விரிவாக்கப்பட்ட நடுவண் அரசின் ஓய்வூதியத் திட்டம், குறைந்தது ஆறு மாதச் சிறைவாசத்தையும், பெண்களுக்கும் பட்டியல் சாதியினர், பழங்குடியினர் ஆகியோருக்கும் மூன்று மாதச் சிறைவாசத்தையும் தகுதியாக வகுத்துள்ளது. விட்டுவிட்டு அனுபவித்த தண்டனைகளைக் கூட்டிக் கணக்கிடலாம் என்றும், வழக்கமான தண்டனைக் குறைப்பில் ஒரு மாதம் வரையிலான காலத்தைச் சிறைவாசமாகவே கொள்ளலாம் என்றும், வழக்கு தண்டனையில் முடிந்திருந்தால் விசாரணைக் கைதியாக இருந்த நாள்களையும் சேர்க்கலாம் என்றும் அத்திட்டமே கூறுகிறது. ஆண்டு வருமானம் 5,000 ரூபாய்க்கு மேற்படக் கூடாது என்றிருந்த முதற்கட்ட வரம்பும் 1980இல் நீக்கப்பட்டது. இவை யாவும் தாராள மனத்தோடு எழுதப்பட்ட விதிகள் என்பதில் ஐயமில்லை. இடர் தொடங்குவது தகுதியை வரையறுத்த இடத்தில் அன்று, அத்தகுதியை எதைக் காட்டி மெய்ப்பிக்க வேண்டும் என்று சொல்லும் இடத்தில்.

மெய்ப்பிக்கும் முறையில் இரு படிகள் உள்ளன. முதற்படி, சிறை நிர்வாகமோ மாவட்ட நடுவரோ மாநில அரசோ பழைய பதிவேட்டைப் பார்த்து வழங்கும் சிறைச் சான்று. அது கிடைக்காதபோது இரண்டாம் படியாக, உரிய பதிவேடுகள் இப்போது இல்லை என்று மாநில அரசு எழுதித்தரும் ஆவணமின்மைச் சான்றும், அதனுடன், அதே சிறையில் அதே காலத்தில் இருந்தவரும் தமது சிறைவாசத்தை முன்னரே மெய்ப்பித்தவருமான தியாகிகள் இருவர் தரும் உடன்சிறைவாசிச் சான்றுகளும் வேண்டும். உடன்சிறைவாசி சட்டமன்ற உறுப்பினராகவோ நாடாளுமன்ற உறுப்பினராகவோ இருந்தவரானால், சிறைக்காலத்தைக் குறிப்பிட்டு அவர் தரும் ஒரு சான்றே போதும் என்ற சலுகையும் இருந்தது. 1980இல் இந்த ஏற்பாடு பயன் தந்தது. 1942 ஆகஸ்டில் பதினெட்டு வயதில் சிறை புகுந்த இளைஞர் இன்று உயிரோடு இருந்தால் நூறு வயதைக் கடந்திருப்பார் என்னும்போது, அவருக்குச் சான்று தர, அவருக்கு முன்பே தகுதி மெய்ப்பித்த இருவரை இன்று எங்கே தேடுவது என்பதை நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

முதற்படிக்கே திரும்பினாலும், திண்டுக்கல் வட்டாரத்தாருக்கு அது மற்றவர்களைக் காட்டிலும் வழுக்கலானது. நாகல் நகரின் நெசவுத் தெருக்களிலிருந்தோ, சின்னாளபட்டியிலிருந்தோ, சுப்பிரமணிய சிவா பிறந்த வத்தலக்குண்டிலிருந்தோ ஒருவர் கைதானால், அவரது ஊர் அன்று திண்டுக்கல் மாவட்டத்தில் இல்லை, ஏனெனில் அப்படியொரு மாவட்டமே 1985 செப்டம்பர் 15 அன்றுதான் மதுரையிலிருந்து பிரிந்து உருவாயிற்று. ஆகவே, இன்று விண்ணப்பத்தைப் பெறும் மாவட்ட நிர்வாகத்திடம் 1930, 1932, 1940, 1942 ஆகிய ஆண்டுகளின் சிறைப் பதிவேடு இருக்க வழியில்லை. மதுரையில் தேடினாலும், அங்கிருந்து கைதிகள் எங்கெல்லாம் கொண்டுசெல்லப்பட்டனர் என்ற கேள்வி எழும். சென்னை மாகாணம் அரசியல் கைதிகளை மதுரை, திருச்சி, வேலூர், தஞ்சாவூர் ஆகிய இடங்களில் மட்டும் வைத்திருக்கவில்லை. பெல்லாரியின் அலிப்புரம் முகாம் சிறைக்கும் கண்ணனூர்ச் சிறைக்கும் இராஜமகேந்திரவரத்திற்கும் அனுப்பியது. 1942இல் காமராசர் உள்ளிட்ட தலைவர்கள் மாகாண எல்லையையும் கடந்து அமராவதிச் சிறைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். மொழிவழி மாநிலங்கள் அமைந்தபோது பெல்லாரி 1953 அக்டோபர் 1 அன்று மைசூருக்குச் சென்றது. இராஜமகேந்திரவரம் அதே நாளில் ஆந்திரத்திற்குச் சென்றது. கண்ணனூர் 1956 நவம்பர் 1 அன்று கேரளத்திற்குச் சென்றது. அமராவதி முதலில் பம்பாய் மாநிலத்தோடும், பின்னர் 1960இல் மகாராட்டிரத்தோடும் சேர்ந்தது. கைதி ஊருக்குத் திரும்பினார், சிறையோ பதிவேடுகளுடன் வேறு மாநிலத்திற்குப் போயிற்று. இந்நிலையில் எழுபது வயது மகளொருத்தி கன்னடத்திலும் மலையாளத்திலும் மராத்தியிலும் யாருக்கு விண்ணப்பம் எழுதுவாள்? அங்குள்ள சிறைக் கண்காணிப்பாளருக்குக் கடிதம் எழுதும் அதிகாரமும் முகவரியும் தாள்தலைப்பும் உங்களிடம் உள்ளன, அவளிடம் இல்லை.

பதிவேடு இடம் மாறாமல் அங்கேயே இருந்தாலும் அது அழிக்கப்பட்டிருக்கக்கூடும். நீதிமன்றங்களும் வருவாய் அலுவலகங்களும் குறித்த காலம் கடந்த தாள்களை அழித்துவிட, 1917ஆம் ஆண்டின் ஆவண அழிப்புச் சட்டம் வழி செய்துள்ளது. சட்டப்படி அழித்ததில் குற்றம் காண இம்மடல் முனையவில்லை. ஆனால் அழிப்பதற்கும் ஆணை உண்டு, பட்டியல் உண்டு, கையொப்பம் உண்டு. நீங்கள் வழங்கும் ஆவணமின்மைச் சான்றில் அவற்றுள் எதுவும் இடம்பெறுவதில்லை என்பதுதான் குறை. ‘சரிபார்க்கப்பட்டது, பதிவுகள் கிடைக்கப்பெறவில்லை’ என்ற ஒற்றை வரியில், எந்தப் பதிவேடு, எந்த ஆண்டுகளுக்குரியது, எந்தக் கட்டடத்தில் யாரால் எந்த நாளில் தேடப்பட்டது என்ற விவரம் ஏதும் இருப்பதில்லை. தேடாமலே எழுதினாலும் அவ்வரி அப்படியேதான் இருக்கும். விண்ணப்பதாரரின் ஒவ்வொரு சொல்லுக்கும் சான்று கேட்கும் நிர்வாகம், தன் சொல்லுக்கு மட்டும் சான்று தேவையில்லை என்று கருதுவது வியப்பே. அந்தச் சான்றையும் சில வேளைகளில் எழுதித்தராமல் காலம் கடத்துவதால், விண்ணப்பதாரர் இரண்டாம் படியில் காலெடுத்து வைக்கவும் முடியாமல் நிற்கிறார் என்பதையும் நீங்கள் அறியாதவர்கள் அல்லர்.

தலைமறைவாக இருந்தவர்களின் நிலை இன்னும் விந்தையானது. ஆறு மாதத்திற்கு மேல் தலைமறைவாக இருந்தவரும் ஓய்வூதியம் பெறலாம்; ஆனால் தேடப்படும் குற்றவாளி என்று அவர் அறிவிக்கப்பட்டிருக்க வேண்டும், அல்லது அவர் தலைக்கு விலை வைக்கப்பட்டிருக்க வேண்டும், அல்லது அவரைக் காவலில் வைக்கும் ஆணை பிறப்பிக்கப்பட்டு நிறைவேற்றப்படாமல் போயிருக்க வேண்டும். காவல்துறையின் கண்ணில் படாமல் முழுத் திறமையோடு பணியாற்றியவருக்கு இவற்றுள் எதுவும் வாய்த்திராது. சாட்டையடிக்கும் கணக்கு உண்டு: பத்து அடி தண்டனையாக விதிக்கப்பட்டிருந்தால் தகுதி, கள்ளுக்கடை மறியலில் தெருவிலேயே வாங்கிய அடிகளை எண்ணிக் குறித்தவர் எவருமில்லை.

சிறைவாசிகளிடையே இருந்த வகுப்புப் பிரிவும் இன்று சான்றுகளின் ஏற்றத்தாழ்வாகத் தொடர்கிறது என்பதை ஆழ்ந்து எண்ணிப் பார்க்க வேண்டுகிறோம். ‘ஏ’ வகுப்புக் கைதிகள் படித்தவர்கள். சிறையில் நாட்குறிப்பு எழுதினார்கள், வெளியே வந்து தன்வரலாறு எழுதினார்கள், அவர்களின் கைது நாளிதழில் வெளிவந்தது. ‘சி’ வகுப்பில் அடைக்கப்பட்ட நெசவாளரும் உழவரும் கடைச் சிப்பந்தியும் களியைத் தின்று கல் உடைத்துத் திரும்பி, மறுநாள் தறியில் உட்கார்ந்தார்கள். அவர்களைப் பற்றிய ஒரே எழுத்து, சிறை எழுத்தர் பதிவேட்டில் எழுதிய ஒரு வரிதான். அந்த வரியும் பிழைபட எழுதப்பட்டிருப்பதுண்டு. தமிழ்ப் பெயரை ஆங்கில எழுத்தில் காதுக்குக் கேட்டபடி எழுதிய எழுத்தர், தலைப்பெழுத்தை விட்டிருப்பார், வயதைத் தோற்றத்தைப் பார்த்து மதிப்பிட்டிருப்பார், தாலுகாவின் பெயரையே ஊராகக் குறித்திருப்பார். சௌராட்டிரர் வீடுகளில் குடும்பப் பெயர் ஒன்று வழங்கும், பள்ளியில் வேறொன்று வழங்கும். எழுத்தர் செய்த பிழைக்காக, ‘இருவரும் ஒருவரே’ என்ற சான்றை வட்டாட்சியரிடம் பெற்றுவரும்படி வாரிசுகளையே அனுப்புகிறீர்கள். அதைக் கொடுக்க வேண்டியவரும் உங்களுள் ஒருவரே.

உங்கள் தயக்கத்திற்கும் காரணம் உண்டு. அதை மறைத்து எழுதுவது நேர்மையாகாது. மகாராட்டிரத்தின் பீட் மாவட்டத்தில், ஐதராபாத் விடுதலைப் போராட்டத்தில் பங்கேற்றதாகப் பொய்ச் சான்று காட்டிப் பலர் ஓய்வூதியம் பெற்ற முறைகேடு உச்ச நீதிமன்றம் வரை சென்று, 2005இல் நீதிபதி பால்கர் தலைமையில் விசாரணைக்கு உள்ளானது. அந்தப் பணம் பொதுப்பணம். போலித் தியாகி ஒருவர் உண்மைத் தியாகிகள் அனைவரையும் இழிவுபடுத்துகிறார் என்பதில் கருத்து வேறுபாடில்லை. தமிழ்நாட்டிலிருந்து சென்ற வழக்கொன்றில் 2021இல் உச்ச நீதிமன்றம், மாநில ஓய்வூதியம் பெறுகிறார் என்பதாலேயே ஒருவர் நடுவண் அரசின் ஓய்வூதியத்திற்குத் தகுதி பெற்றுவிட மாட்டார் என்றும், திட்டம் கேட்கும் ஆவணங்கள் இருந்தாக வேண்டும் என்றும் தீர்ப்பளித்ததும் உங்களுக்குத் தெரியும். ஆனால் பீட் மாவட்டத்தில் நடந்தது, சான்று இல்லாதவர்களால் நடந்ததன்று, சான்று வைத்திருந்தவர்களால் நடந்தது. பொய்யர் எப்போதும் தாளோடு வருகிறார், தாளைத் தயாரிப்பதே அவருடைய தொழில். வெறுங்கையோடு வந்து நிற்கும் மூதாட்டியைத் திருப்பி அனுப்பினால் பொய்யர்கள் குறைந்துவிடுவார்கள் என்ற நம்பிக்கைக்கு அடிப்படை இல்லை. பொய்யரைப் பிடிக்கவும் மெய்யரை ஏற்கவும் வழி ஒன்றே: பழைய பதிவேட்டை நீங்களே தேடி எடுத்துப் பார்ப்பது.

நீதிமன்றத்தின் குரல் ஒரு பக்கமாக மட்டும் ஒலித்ததில்லை. 1993இல் முகுந்த்லால் பண்டாரி வழக்கில், குறித்த நாளுக்குள் விண்ணப்பிக்கவில்லை என்பதற்காகத் தியாகி ஒருவரை விலக்கக் கூடாது என்றும், திட்டத்தின் நோக்கம் பொருளுதவியோடு நின்றுவிடாமல் சிறப்புச் செய்வதுமாகும் என்றும் உச்ச நீதிமன்றம் விளக்கியது. 2001இல் குர்தியால் சிங் வழக்கில், குற்றவழக்கைப் போல ஐயத்திற்கிடமின்றி மெய்ப்பிக்குமாறு தியாகிகளிடம் கேட்கலாகாது, நிகழ்ந்திருக்கக்கூடிய வாய்ப்பு எந்தப் பக்கம் மிகுதி என்று பார்த்தே முடிவெடுக்க வேண்டும், அவ்வாறு தோன்றிவிட்டால் மறுப்பதற்கான சான்றைக் காட்டும் பொறுப்பு அரசுடையது என்ற நெறியையும் அதே நீதிமன்றம் வகுத்தது. 2017இல் சென்னை உயர் நீதிமன்றம், இரங்கூன் சிறையில் இருந்த இந்திய தேசிய இராணுவ வீரர் ஒருவருக்கு அவரது முதிர்ந்த வயதில் மாநில ஓய்வூதியம் வழங்க ஆணையிட நேர்ந்தது. அவர் விண்ணப்பித்தது 1980இல். ஆவணம் வேண்டும் என்ற தீர்ப்பும், வாய்ப்பை எடைபோட வேண்டும் என்ற தீர்ப்பும் ஒன்றையொன்று அழிப்பவையல்ல. ஆவணத்தைத் தேட வேண்டிய பொறுப்பு யாருடையது என்பதைத் தீர்மானித்துவிட்டால் இரண்டும் சேர்ந்தே நிற்கும்.

அப்பொறுப்பு அரசுடையதே என்பதற்கு அயல்நாட்டு எடுத்துக்காட்டுகள் உள்ளன. 1973 சூலை 12 அன்று அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரில் படைவீரர் ஆவணக் காப்பகம் தீப்பற்றியதில் 1 கோடியே 60 லட்சத்திற்கும் மேற்பட்ட கோப்புகள் அழிந்தன. பின்னர் ஓய்வூதியம் கேட்டு வந்த முன்னாள் வீரர்களிடம் சான்றில்லை என்றபோது, ஆவணம் அரசின் பாதுகாப்பில் இருந்து அழிந்திருக்குமானால் அரசின் கடமை மேலும் கூடுகிறது என்றும், ஐயத்தின் பயனை வீரருக்குத் தருவதைக் கருத வேண்டும் என்றும் 1991இல் அந்நாட்டு நீதிமன்றம் கூறியது. கென்யாவின் மாவ் மாவ் எழுச்சியில் சித்திரவதைக்கு உள்ளான முதியவர்கள் இலண்டனில் வழக்குத் தொடுத்தபோதோ, இல்லையென்று கருதப்பட்ட ஆவணங்களே வெளிவந்தன: குடியேற்ற நாடுகளிலிருந்து கொண்டுவரப்பட்ட ஏறத்தாழ 8,800 கோப்புகள் ஹான்ஸ்லோப் பூங்கா என்னும் அரசு வளாகத்தில் அடுக்கப்பட்டிருந்ததை 2011இல் பிரித்தானிய அரசு ஒப்புக்கொண்டது, 2013 சூனில் 5,228 பேருக்கு இழப்பீடும் வழங்கியது. வழக்கின் நெருக்கடி இல்லாதிருந்தால் அவை இன்றும் கிடைக்காதவையாகவே இருந்திருக்கும்.

உங்கள் அலுவலகங்களிலும் அத்தகைய களஞ்சியம் ஒன்று உள்ளது. அதை எவரும் களஞ்சியமாகப் பார்த்ததில்லை என்பதே வருத்தம். மாநில ஓய்வூதியம் 1966 முதலும், நடுவண் ஓய்வூதியம் 1972 முதலும் வழங்கப்பட்டுவருகின்றன. அனுமதிக்கப்பட்ட ஒவ்வொரு கோப்பிலும் உடன்சிறைவாசிகளின் பெயர்களும் சிறையின் பெயரும் நாள்களும் வழக்கு எண்களும் உள்ளன. பொது (அரசியல் ஓய்வூதியம்) துறையிலும் மாவட்ட அலுவலகங்களிலும் உள்ள அக்கோப்புகளைச் சிறை வாரியாகவும் ஆண்டு வாரியாகவும் ஒருமுறை அட்டவணைப்படுத்தினால், 1943இல் அலிப்புரத்தில் ஒரே கொட்டடியில் இருந்தவர்கள் யார் யார் என்பது பெருமளவு தெரிந்துவிடும். இன்று உயிரோடு இல்லாத உடன்சிறைவாசி, 1975இல் தமது கோப்பில் எழுதிக் கையொப்பமிட்ட வாக்குமூலத்தின் வழியாகச் சான்று சொல்வார். நடுவண் அரசின் திட்டம், மதுரைச் சதி வழக்கு என்று அறியப்படும் 1945-47ஆம் ஆண்டுகளின் வழக்கையும் விடுதலைப் போராட்ட நிகழ்வாக ஏற்றுள்ளது. அத்தகைய வழக்குகளில் குற்றம் சாட்டப்பட்டோர் பட்டியலும் இவ்வாறே ஒப்பிடத்தக்கது. இதற்குப் புதிய சட்டம் தேவையில்லை. சில எழுத்தர்களும் சில மாத உழைப்பும் போதும்.

தொகையைப் பற்றி மிகுதியாகச் சொல்ல வேண்டியதில்லை. மாதம் 200 ரூபாயில் தொடங்கிய நடுவண் ஓய்வூதியம் 2016இல், பெரும்பான்மைத் தியாகிகளுக்கு 26,000 ரூபாயும் அகவிலை நிவாரணமும் என்ற அளவை அடைந்தது. தமிழ்நாட்டின் ஓய்வூதியம் 2022இல் 20,000 ரூபாயாகி, அதன்பின்னும் கூட்டப்பட்டுள்ளது. கொடுக்கும் தொகையை உயர்த்துவதில் அரசுகள் காட்டிய மனம், பெறுவோரைக் கண்டறிவதில் காட்டப்படவில்லை. ஆண்டுக்கு ஆண்டு பெறுவோர் குறைந்துவருவதால் தொகையை உயர்த்துவது எளிதாகிறது என்று எவரேனும் சொன்னால், அதை மறுப்பதற்கான செயல் உங்களிடமிருந்துதான் வர வேண்டும்.

ஆகவே, அலுவலர்களே, உங்களிடம் கேட்கப்படுவது இதுவே. விண்ணப்பம் வந்த நாளிலிருந்து தேடும் பொறுப்பை உங்கள் அலுவலகமே ஏற்க வேண்டும். மதுரைக்கும் வேலூருக்கும் எழும்பூர் ஆவணக் காப்பகத்திற்கும், தேவையானால் பெல்லாரிக்கும் கண்ணனூருக்கும் நீங்களே எழுதி, விடை வராவிடில் நீங்களே நினைவூட்ட வேண்டும். ஆவணம் இல்லையென்று எழுத நேர்ந்தால், எங்கே, எந்தப் பதிவேட்டில், எவரால் தேடப்பட்டது, அழிக்கப்பட்டிருப்பின் எந்த ஆணையால் என்பதைச் சான்றிலேயே குறிக்க வேண்டும்; அவ்வாறு எழுதப்பட்ட சான்று, விண்ணப்பதாரருக்கு எதிரான முடிவாகக் கருதப்படாமல், பழைய கோப்புகளையும் ஊர்ச் சான்றுகளையும் கொண்டு வாய்ப்பை எடைபோடும் அடுத்த படிக்கு வாயிலாக வேண்டும். பெயரிலும் வயதிலும் காணும் வேறுபாட்டை, தொண்ணூறு வயதானவரை அலுவலகத்திற்கு அழைத்துக் கேட்காமல், கிராம நிர்வாக அலுவலரும் வருவாய் ஆய்வாளரும் வீட்டிற்குச் சென்று விசாரித்துத் தீர்க்க வேண்டும். மறுப்பதானால் காரணத்தைத் தமிழில், விண்ணப்பதாரரின் வீட்டார் படித்துப் புரிந்துகொள்ளுமாறு எழுதித் தர வேண்டும்.

ஒவ்வோர் ஆகஸ்டிலும், சுதந்திர நாள் கொடியேற்றத்தின்போது பொன்னாடை போர்த்தப்பட வேண்டிய தியாகிகள், அவர்தம் குடும்பத்தார் ஆகியோரின் பட்டியலை ஒவ்வொரு மாவட்டத்திலும் நீங்கள் தயாரிக்கிறீர்கள். வரும் ஆகஸ்டில் அப்பட்டியலோடு இன்னொரு பட்டியலையும் தயாரித்து, மாவட்ட ஆட்சியர் அலுவலக அறிவிப்புப் பலகையில் ஒட்டுங்கள்: நிலுவையில் உள்ள விண்ணப்பங்கள் எத்தனை, ஒவ்வொன்றும் எந்த ஆண்டில் தரப்பட்டது, இப்போது எந்த மேசையில் எதற்காகக் காத்திருக்கிறது.

இப்படிக்கு,
தியாகிகள் குடும்பங்களின் பொருட்டு,
நாகல் நகர், திண்டுக்கல்.